வெளிநாட்டில் ஓடுகிறது

தர்மேந்திரன் தயாரித்த எந்த நிகழ்ச்சியையும் இதுவரை ஒருவரும் பார்த்ததில்லை. பதினேழு வருடமாக அவன் புகழ் குறையாமல் இருந்ததற்கு அதுதான் காரணம்.

அனைத்துலகக் கூட்டுத் தயாரிப்பில் அவன் நிபுணன். பதினோரு நாடுகள், பதினோரு ஒப்பந்தங்கள். மலேசியாவின் ஈப்போவில் அந்தத் துறையில் அவனை மிஞ்ச ஆள் கிடையாது. அந்தத் துறையில் வேறு ஆளே கிடையாது என்பதும் உண்மைதான். அவன் குடியிருந்த சிலிபின் வட்டாரத்தில் கல்யாணமோ காதுகுத்தோ, பந்தியில் உட்கார்ந்ததும் பக்கத்து இலைக்காரர் கேட்பார்.

“மச்சான், ஒங்க புரோகிராம் எந்த சேனல்ல வருதுலா? ஒண்ணுகூட கண்ணுல படலியே!”

அவன் சின்னதாக இருமிவிட்டுச் சொல்வான், “இங்க இல்லண்ணே. வெளிநாட்டுல ஓடுது.”

கேட்டவர் மரியாதையோடு அப்பளத்தை நொறுக்கிக்கொண்டு, எதிர் இலைக்காரரிடம் கண்ணால் ஜாடை காட்டுவார். பெரிய ஆள்!

கூட்டுத் தயாரிப்பின் வசதி இது. இங்கே கேட்டால் அங்கே ஓடுகிறது. அங்கே கேட்டால் இங்கே ஓடுகிறது. இரண்டு பக்கத்தாரும் ஒரே மேசையில் உட்கார்ந்து ஒரே நேரத்தில் கேட்டால்தான் ஆபத்து. உலகம் பெரியது, விமான டிக்கெட் விலை அதிகம் என்ற நம்பிக்கையில் தர்மேந்திரன் பதினேழு வருடம் தூங்கியிருந்தான்.

திங்கட்கிழமை காலை ஒன்பதே காலுக்கு ஒரு மின்னஞ்சல் வந்தது. அதோடு அவன் தூக்கம் போயிற்று.

‘அன்புள்ள தர்மேந்திரன், ஒப்பந்தத்தின் பிரிவு நாற்பத்தொன்றின்படி நமது நிகழ்ச்சியைக் கூட்டாகப் பார்வையிட நான் புதன்கிழமை ஈப்போ வருகிறேன். இறுதிப் பிரதியைத் தயாராக வைத்திருக்கவும். மார்ட்டா.’

அவன் கையில் இருந்த கறிபாப் தட்டில் விழவில்லை. மடியில் விழுந்தது. உள்ளே இருந்த உருளைக்கிழங்கு மசாலா சூடாக இருந்தது. அது சுட்டதைக்கூட அவன் கவனிக்கவில்லை.

*

அவன் வேலை பார்த்த பேராக் அனைத்துலகக் கூட்டுத் தயாரிப்பு மன்றம், ஈப்போவுக்கு வெளியே ஒரு மேட்டின் மேல், ஒரு காலத்தில் தோட்டத்துத் துரை குடியிருந்த பங்களாவில் இயங்கியது. முப்பத்து நான்கு ஊழியர்கள். கேமரா ஒன்றும் கிடையாது. ஆனால் நாற்பது நாட்டுக் கொடிகள் இருந்தன. அவற்றை மாதம் ஒரு முறை இஸ்திரி போடத் தனியாக ஒரு பிரிவு இருந்தது.

ஒரு நிகழ்ச்சி அங்கே எப்படி உருவாகும் என்பதைச் சொல்லிவிட வேண்டும். முதலில் ஆர்வக் கடிதம். பிறகு ஆர்வக் கடிதம் கிடைத்ததற்கான மகிழ்ச்சிக் கடிதம். பிறகு புரிந்துணர்வுக் குறிப்பு, கையெழுத்து விழா, இரண்டு பேனா, கொடிப் பரிமாற்றம், தேநீர் விருந்து. அதன் பிறகு ‘அடுத்த கட்டத்திற்கான முதற்கட்டம்’. அதுவரை வந்த ஒப்பந்தங்களைப் பழம் தின்று கொட்டை போட்டவை என்பார்கள். ஒரு நாட்டின் கொடி நம் கொடியைவிட இரண்டு சென்டிமீட்டர் நீளம் என்று தெரிந்து, ஒருமுறை எட்டு மாதம் எல்லாம் நின்றுபோனது. கடைசியில் ஷர்மினி கத்தரிக்கோல் எடுத்தாள். ஷர்மினி நடைமுறை அதிகாரி. அவளுக்குத் தெரியாத விதி கிடையாது.

எதிர்த் தரப்புத் தயாரிப்பாளர் மார்ட்டாவின் நாட்டோடு போட்ட ஒப்பந்தம் ஏழு வருடப் பழையது. வடக்கே, வருடத்தில் பாதி நாள் பனி பெய்யும் நாடு அது. பெயரைச் சொன்னால் அதன் தூதரகம் விளக்கம் கேட்கும். விளக்கம் எழுத ஒரு துணைக்குழு போட வேண்டி வரும். ஆகவே பனிநாடு என்றே வைத்துக்கொள்வோம். நிகழ்ச்சியின் பெயர் ‘பால்மரமும் பனிநாடும்’. பேராக்கில் வெட்டிய ரப்பர்ப் பால், பனிநாட்டில் ரப்பர் பூட்ஸாகக் காலைக் காப்பாற்றிய கதை. பதின்மூன்று வாரம். எழுத்தில் மிக நன்றாக இருந்தது.

தர்மேந்திரன் ஒப்பந்தத்தை எடுத்துப் பிரிவு நாற்பத்தொன்றைத் தேடினான். தேடும்போதே அது யார் எழுதியது என்று அவனுக்கு ஞாபகம் வந்துவிட்டது. அவனேதான். ஏழு வருடத்துக்கு முன்பு, ஒப்பந்தம் மெலிந்து தெரிகிறது, நாற்பது பிரிவு போதாது என்று தலைவர் சொன்னார். கையில் கிடைத்த ஒரு கால்நடை இறக்குமதி ஒப்பந்தத்திலிருந்து ஒரு பத்தியை எடுத்து, ‘ஆடுகள்’ என்ற இடத்தில் ‘நிகழ்ச்சி’ என்று மாற்றிச் சேர்த்திருந்தான்.

‘ஏழாம் ஆண்டில் இரு தரப்பும் நிகழ்ச்சியை நேரில் பார்வையிட்டு, அது உள்ளது என்று உறுதி செய்ய வேண்டும். இல்லையெனில், பொறுப்பான தயாரிப்பாளர் தம் புகைப்படத்துடன் தம் நாட்டு நாளிதழில் விளக்கம் வெளியிட வேண்டும்.’

புகைப்படத்துடன். நாளிதழில்.

தர்மேந்திரனின் மனைவி துளசி தமிழ்ப் பேப்பரைக் கடைசிப் பக்கத்திலிருந்து முதல் பக்கம்வரை ஒரு வரி விடாமல் படிப்பவள். பல் கிளினிக்கில் டாக்டருக்கு உதவியாளர் வேலை. நோயாளி வாயைத் திறந்ததும் கணவன் கதையை ஆரம்பிப்பாள். வாயைத் திறந்து வைத்திருப்பவரால் எந்தச் சேனல் என்று கேட்க முடியாது. சிலிபினில் பாதிப் பேருக்கு அவன் புகழ் கடைவாய்ப் பல் வழியாகத்தான் உள்ளே போயிருந்தது.

அவன் ஒப்பந்தத்தை மூடி மேசை இழுப்பறைக்குள் தள்ளினான்.

*

உண்மையைச் சொல்லிவிடுவது என்று முடிவு செய்துதான் தலைவரின் அறைக்குப் போனான். தலைவர் கோகிலன், ‘டத்தோ’ என்ற அரசுப் பட்டம் பெற்ற அகலமான மனிதர். அவர் பின்னால் சுவரில் பதினோரு படங்கள். எல்லாவற்றிலும் அதே ரப்பர் மரம், அதே கிண்ணம், அதே டத்தோ. நாட்டுக்காரர்கள் மட்டும் மாறியிருந்தார்கள்.

“டத்தோ, அந்தப் பனிநாட்டு நிகழ்ச்சி...”

“கேள்விப்பட்டேன் தர்மா! ஷர்மினி சொல்லிட்டாங்க. மன்ற வரலாற்றுல நாற்பத்தொண்ணு வரைக்கும் போன மொத ஒப்பந்தம் ஒங்களோடதுதான்லா!”

“அதுதான் டத்தோ, நிகழ்ச்சி வந்து... அது இன்னும்...”

“தொழில்நுட்ப விவரத்த எல்லாம் எங்கிட்ட கொண்டுவராதீங்க.” டத்தோ கையை உயர்த்திவிட்டு, பக்கத்தில் குறிப்பேட்டோடு நின்ற ஷர்மினி பக்கம் திரும்பினார். “ஷர்மினி, சனிக்கிழம விழா. இருநூறு பேரு. பேனர்ல என் பேரு மேல, அவங்க நாட்டுப் பேரு கீழ. நீளம் பார்த்துக்குங்க.”

“வெல்வெட்டு மெத்தை ஒண்ணு தேவை டத்தோ,” என்றாள் ஷர்மினி குறித்துக்கொண்டே. “இறுதிப் பிரதிய சும்மா மேசை மேல வைக்க முடியாது.”

மாலைவரை மன்றமே பரபரத்தது. கறிபாப்பா, வடையா என்று ஒரு குழு. தூதரகத்துக்காரர் காரை எங்கே நிறுத்துவது என்று ஒரு குழு. நிகழ்ச்சி இருக்கிறதா என்று மட்டும் ஒருவரும் கேட்கவில்லை. அப்படிக் கேட்பது அங்கே பண்பாடு அல்ல.

வீட்டுக்கு வந்தால், துளசி ஏற்கெனவே புடவையைக் கட்டிலில் விரித்து வைத்திருந்தாள். மன்றத்திலிருந்து அழைப்பு வந்துவிட்டதாம்.

“ஏங்க, சனிக்கிழம லீவு போட்டுட்டேன். டாக்டரையும் கூப்டேன். பக்கத்து வீட்டு மங்களம் அக்காவும் வாராங்க.” அவள் முந்தானையை நீவிவிட்டாள். “பதினேழு வருஷம். ஒரு தடவ, ஒரே ஒரு நிமிஷம், ஒங்க பேரு எழுத்துல வந்தா போதும். நான் வேற என்ன கேட்டேன்?”

தர்மேந்திரன் கழிவறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டான். குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு வெகுநேரம் நின்றான்.

*

மார்ட்டா புதன்கிழமை மதியம் வந்தாள். ஐம்பது வயதிருக்கும். ஈப்போ வெயிலில் கம்பளிச் சட்டை. அவளை மன்றத்துக்கு அழைத்துப் போக அவனுக்குத் தைரியம் வரவில்லை. சிலிபின் முனையில் இருக்கும் அப்துல் நாசரின் உணவகத்துக்குக் கூட்டிப்போனான். அங்கே சுவரில் ஒரு பெரிய டிவி எந்நேரமும் பந்தாட்டம் காட்டிக்கொண்டிருக்கும். சத்தத்தில் யார் அழுதாலும் வெளியே கேட்காது.

“வாங்க டைரக்டர் தம்பி!” என்று நாசர் அண்ணன் கல்லாவிலிருந்து கூவினார். “இவங்கதான் ஒங்க புரோகிராம் ஓடுற ஊரா? அம்மாவுக்கு ஒறப்பு கம்மியா போடச் சொல்றேன்.”

உட்கார்ந்தார்கள். நுரை பொங்க ஆற்றிய தேத்தாரிக் தேநீர் வந்தது. மார்ட்டா குடிக்காமல் கரண்டியால் கலக்கிக்கொண்டே இருந்தாள். தன் கவலையில் அவன் அதைக் கவனிக்கவில்லை.

அவன் பையிலிருந்து ஒரு சிறு பெட்டியை எடுத்து மேசையில் வைத்தான். உள்ளே புத்தம் புதிய ஹார்ட் டிஸ்க். “இதோ, மலேசியத் தரப்பின் பகுதி,” என்றான் ஆங்கிலத்தில்.

அவளும் ஒரு பெட்டியை எடுத்து வைத்தாள். “இதோ, எங்கள் தரப்பின் பகுதி.”

இருவரும் பெட்டியை மாற்றிக்கொண்டார்கள். இருவரும் புன்னகைத்தார்கள்.

“இங்கே போட்டுப் பார்க்க வேண்டாம்,” என்றான் தர்மேந்திரன்.

“கூடாது. சத்தமாக இருக்கிறது,” என்றாள் மார்ட்டா உடனே.

“நீங்கள் ஊருக்குப் போய்ப் பொறுமையாகப் பாருங்கள்.”

“நீங்களும் நான் போன பிறகு பாருங்கள்.”

டிவியில் யாரோ கோல் அடித்தார்கள். கடையே கத்தியது. அவர்கள் இருவர் மட்டும் ஒருவரை ஒருவர் பார்த்தபடி இருந்தார்கள். முதலில் உடைந்தவள் மார்ட்டாதான்.

“அது காலி,” என்றாள். “நான் தந்த பெட்டியில் ஒன்றும் இல்லை. உங்களிடம் பதின்மூன்று வாரமும் தயாராக இருக்கும், வாங்கிக்கொண்டு போய்விடலாம் என்று வந்தேன். எங்கள் ஊர்க்காரர்கள் பிரிவு நாற்பத்தொன்றைப் படித்துவிட்டார்கள். மலேசியாவில் மிகவும் புகழ்பெற்ற நிகழ்ச்சி என்று என் கணவரிடம்கூடச் சொல்லியிருக்கிறேன்.”

தர்மேந்திரன் அவள் முன்னால் இருந்த பெட்டியை விரலால் தட்டினான். “அதுவும் காலி.”

நாசர் அண்ணன் ரொட்டி கொண்டுவந்து வைத்துவிட்டு இருவர் முகத்தையும் பார்த்தார். “என்ன தம்பி, ஒறப்பு ஜாஸ்தியா?”

*

துளசியின் தம்பி ஷர்வின், பட்டர்வொர்த்திலிருந்து தாப்பா வரை கல்யாண வீடியோ எடுப்பவன். முப்பத்தாறு வயதில் அறுநூறு கல்யாணம் பார்த்தவன். அன்று சாயங்காலம் மச்சானும் ஒரு வெள்ளைக்காரியும் தன் வீடியோக் கடைக்குள் வந்து கதவைச் சாத்தியபோது அவன் தப்பாகத்தான் நினைத்தான்.

விஷயத்தைக் கேட்டதும் சிரித்தான். பிறகு சிரிப்பை நிறுத்தினான்.

“ஒண்ணுகூட இல்லியா மச்சான்? பதினொண்ணுல ஒண்ணுகூட?”

“கத்தாத.”

“அக்காவுக்குத் தெரியுமா?”

“தெரிஞ்சா நான் இங்க நிப்பேனா? காலுல விழறேன் ஷர்வின். சனிக்கிழமக்குள்ள அர மணி நேரம் ஓடுற மாதிரி ஏதாவது ஒண்ணு.”

“என் காலுல எதுக்குலா விழுறீங்க, எந்திரிங்க. நாளைக்கு வியாழன், கல்யாணம் இல்ல. போலாம்.”

மறுநாள் காலை, கோலா கங்சார் போகும் வழியில் இருந்த லெம்பா தோட்டத்துக்குப் போனார்கள். தோட்டம் என்பது பேச்சுக்குத்தான். ரப்பரை வெட்டிச் செம்பனை என்னும் எண்ணெய்ப்பனை நட்டு இருபது வருடம் ஆகிறது. நடுவில் ஒரே ஒரு ரப்பர் மரம் மட்டும் இரும்பு வேலிக்குள் நின்றது. வேலியில் மன்றத்தின் பலகையும் பதினோரு கொடிகளும். மரத்தின் பக்கத்தில் பழனியப்பன் காத்திருந்தார். முன்பு இங்கே பால்வெட்டியவர், இப்போது ஈப்போவில் ஒரு பேரங்காடியில் காவலாளி. மன்றம் கூப்பிடும்போதெல்லாம் லீவு போட்டுவிட்டு, பால்வெட்டுக் கத்தியை ஜாமான் பையில் சுற்றி எடுத்துக்கொண்டு வந்து நிற்பவர்.

“சார், போன தடவ மாதிரியே இடது பக்கமா?” என்று கேட்டுக்கொண்டே போய்க் கத்தியை மரத்தில் வைத்து, தலையைத் திருப்பி, புன்னகைத்து, அப்படியே நின்றார். “பேனரு எங்க சார்? டத்தோ வரலியா?”

ஷர்வின் கேமராவைத் தோளில் ஏற்றினான். பழனியப்பன் கண்ணைச் சுருக்கினார்.

“தம்பி, மூடி கழண்டிருக்கு பாருங்க.”

“கழட்டுனாதாண்ணே தெரியும்.”

“அப்படியா? வாடக வீடியோ கேமராவ எப்பவும் மூடியோடதான் பிடிப்பாங்க.” அவர் புன்னகை மெல்ல இறங்கியது. “அப்ப நெசமாவே எடுக்கிறீங்களா? நான் ஷேவ் பண்ணலியே!”

தர்மேந்திரனுக்கு அடுத்து என்ன செய்வது என்று தெரியவில்லை. பதினேழு வருடத்தில் அவன் இந்த இடத்துக்கு வந்ததே இல்லை. இடம் என்றால் இந்த நொடி. எல்லாரும் அவன் முகத்தைப் பார்த்தார்கள். யாரோ ஏதோ கேட்க வேண்டும் போலிருந்தது. கேட்டான்.

“அண்ணே, இந்த மரத்துல பால் வருமா?”

“பாலா?” பழனியப்பன் கேமராவைப் பார்த்தார். “இது பட்டுப்போயி பன்னெண்டு வருஷம் ஆச்சு சார். டத்தோ வர்ற அன்னிக்கு டின்னு பாலத் தண்ணில கலக்கி கப்புல ஊத்தி வைப்பேன். ஒரு தடவ வெளிநாட்டுக்காரரு ஒருத்தரு தொட்டு நக்கிப் பாத்துட்டு, இனிக்குதுன்னு சொன்னாரு. அதுக்கு டத்தோ, நம்ம நாட்டு மண்ணு அப்படின்னாரு.”

ஷர்வினின் தோள் குலுங்கியது. ஆனால் கேமரா குலுங்கவில்லை. அறுநூறு கல்யாணத்தின் பழக்கம்.

அதன் பிறகு பழனியப்பன் நிற்கவில்லை. பதினோரு நாட்டுக்காரர்களும் எப்படி நின்றார்கள், யார் எறும்பு கடித்துக் குதித்தார், யார் செம்பனையை ரப்பர் என்று நினைத்துக் கட்டிப்பிடித்தார் என்று ஒவ்வொருவராக நடித்துக் காட்டினார். தான் பேரங்காடியில் கதவைத் திறந்துவிடுவதையும், அங்கே தன் பெயரைக் கேட்காதவர்கள் இங்கே மாலை போடுவதையும் சிரித்துக்கொண்டே சொன்னார். கடைசியில் மார்ட்டாவின் காலைக் காட்டினார்.

“இவங்க போட்டிருக்கிற பூட்ஸு நம்ம பாலுல செஞ்சதா சார்?”

தர்மேந்திரன் மொழிபெயர்த்தான். மார்ட்டா குனிந்து தன் பூட்ஸைப் பார்த்தாள். வெட்கத்தோடு சொன்னாள். தர்மேந்திரன் திருப்பிச் சொன்னான்.

“பிளாஸ்டிக்காம்.”

“அப்ப சரி,” என்றார் பழனியப்பன். “ரெண்டு பக்கமும் ஒண்ணுதான்.”

*

வெள்ளிக்கிழமை முழுக்க ஷர்வின் வெட்டி ஒட்டினான். இருபத்திரண்டு நிமிடம். அவனிடம் இருந்தது ஒரே வார்ப்புரு, கல்யாண வீடியோ வார்ப்புரு. ஆகவே தலைப்பிலும் முடிவிலும் ரோஜா இதழ் கொட்டியது. ‘தயாரிப்பு: தர்மேந்திரன், மார்ட்டா’ என்ற தங்க எழுத்தைச் சுற்றி இரண்டு இதயங்கள் சுழன்றன. கடைசியில் வரும் ‘மணமக்கள் வாழ்க’வை எவ்வளவு முயன்றும் எடுக்க முடியவில்லை.

“விடுங்க மச்சான்,” என்றான் ஷர்வின். “வெளிநாட்டுக்காரங்களுக்குப் புரியவா போகுது?”

சனிக்கிழமை காலை எட்டு மணிக்கு, விழாவுக்கு இரண்டு மணி நேரம் முன்னால், தலைவரின் அறையில் ஷர்மினி அதைக் கணினியில் போட்டாள். தலைப்பில் கொடிகள் சம உயரமா என்று பார்க்க வேண்டியது நடைமுறை. தர்மேந்திரன் கதவோரம் நின்றான். தப்பித்துவிட்டோம் என்றே நம்பினான். நிகழ்ச்சி இருக்கிறது. பெயர் வருகிறது. துளசி பார்க்கப்போகிறாள்.

டின் பால் வந்த இடத்தில் டத்தோவின் முகம் சாம்பல் பூத்தது. இதயங்கள் சுழன்ற இடத்தில் ஷர்மினி பேனாவைக் கீழே வைத்தாள்.

வெளியே நாற்காலி போடும் சத்தம்.

“தர்மா,” என்றார் டத்தோ மெல்ல. “இது என்ன?”

“நிகழ்ச்சி, டத்தோ.”

“அது தெரியுது. இது ஏன் முடிஞ்சிருக்கு?”

ஷர்மினி விதிப் புத்தகத்தைப் புரட்டிக்கொண்டிருந்தாள். அவள் தேடிய விதி கிடைக்காததை அவன் முதல்முறையாகப் பார்த்தான்.

“முடிவடைந்த நிகழ்ச்சிக்கு நடைமுறை இல்ல டத்தோ,” என்றாள். “நிகழ்ச்சி முடிஞ்சா கோப்பு மூடணும். கோப்பு மூடுனா பிரிவ மூடணும். பனிநாட்டுப் பிரிவுல ஆறு பேரு. மத்த பத்து நாட்டுக்காரனும் எங்களுது எங்கன்னு கேப்பான்.”

“நீங்க யோசிச்சீங்களா?” டத்தோ எழுந்தார். பயம் வந்தால் அவருக்கு மேடைத் தமிழ் வந்துவிடும். “ஒரு நிகழ்ச்சி அரை மணி நேரத்தில் முடிந்துவிடும், தர்மா! ஓர் ஒப்பந்தம் முப்பது ஆண்டு ஓடும்! எது பெரியது? நான் இந்த மன்றத்துக்கு வந்த நாள்முதல் ஒரு நிகழ்ச்சியையும் முடிக்க விட்டதில்லை! முடிக்காமல் இருப்பதற்கு எத்தனை பேர் இரவு பகலாக உழைத்திருக்கிறார்கள் தெரியுமா? அந்த உழைப்பை எல்லாம் நீங்கள் ஒரே வியாழக்கிழமையில்...” அவர் குரல் உடைந்தது. உட்கார்ந்து தண்ணீர் குடித்தார். பழைய குரல் திரும்பியது. “இந்த நிகழ்ச்சிக்கு வேற காப்பி இருக்கா?”

“இல்ல டத்தோ.”

ஷர்மினி ஒரு தாளை நீட்டினாள். ‘மேற்கண்ட நிகழ்ச்சி முடிவடையவில்லை என்றும், எவரும் அதைப் பார்க்கவில்லை என்றும் உறுதி கூறுகிறேன்.’ கீழே இன்னொரு வரி. ‘பார்த்ததாகத் தெரியவந்தால், என் புகைப்படத்துடன் நாளிதழில் விளக்கம் வெளியிடுவேன்.’

“அந்த வரி?” என்றான் தர்மேந்திரன்.

“ஒங்க பிரிவு நாப்பத்தொண்ணுலேருந்து எடுத்தது. நல்ல வரி,” என்றாள் ஷர்மினி.

அவன் கையெழுத்துப் போட்டான்.

*

விழா பிரமாதமாக நடந்தது. கொடிகள் சமமாக இருந்தன. மேடையில் வெல்வெட்டு மெத்தை. மெத்தை மேல் மெழுகு முத்திரை போட்ட பெட்டி. ‘நேரில் பார்வையிட வேண்டும்’ என்றுதான் பிரிவு சொல்கிறது, போட்டுக் காட்ட வேண்டும் என்று சொல்லவில்லை என்பதை ஷர்மினி கண்டுபிடித்திருந்தாள். ஆடு வாங்குகிறவன் ஆட்டைப் பார்ப்பான், அவ்வளவுதானே. இருநூறு பேரும் வரிசையில் வந்து பெட்டியைப் பார்வையிட்டார்கள். சிலர் கைகூப்பினார்கள். மார்ட்டா பார்த்துவிட்டுச் சான்றிதழில் கையெழுத்துப் போட்டாள். தர்மேந்திரனின் கையை இறுகப் பிடித்து, “எங்கள் ஊரில் கேட்டால் மலேசியாவில் ஓடுகிறது என்பேன்,” என்று காதில் சொல்லிவிட்டுப் போனாள்.

துளசியும் வரிசையில் வந்தாள். புதுப் புடவை. பின்னால் பல் டாக்டர், அவருக்குப் பின்னால் மங்களம் அக்கா. பெட்டியின் முன் அவள் கொஞ்சம் அதிக நேரம் நின்றாள்.

“இதுக்குள்ளதான் இருக்கா?”

“ஆமா துளசி.”

“எப்ப போடுவாங்க?”

பின்னால் நின்றவர்கள் நெருக்கினார்கள். அவன் வாயைத் திறந்தான். அந்தப் பழைய வாக்கியம் நாக்கு நுனி வரை வந்து, ஏனோ வெளியே வரவில்லை. அவள் நகர்ந்துவிட்டாள். வீட்டுக்கு வந்ததும் அவள் நேராக அறைக்குள் போனாள். புடவையை மடித்து வைக்கும் சத்தம் மட்டும் அறையிலிருந்து கேட்டது.

*

ஞாயிற்றுக்கிழமை மாலை ஐந்து மணிக்கு ஷர்வின் அழைத்தான்.

“மச்சான், கோபப்படாதீங்க. நாசர் அண்ணன் கடைக்கு ஒடனே வாங்க.”

“என்ன?”

“நம்ம தொழில்ல ஒரு பழக்கம் இருக்குல. யார எடுத்தாலும் வீட்டுக்காரங்களுக்கு ஒரு பென்டிரைவ் கொடுத்துருவோம். கேக்காமலே கை கொடுத்துரும். பழனியப்பன் அண்ணனுக்கும்...”

தர்மேந்திரனுக்கு அதற்குமேல் கேட்கவில்லை. செருப்பு மாட்டியது ஞாபகம் இல்லை. முனைக்கு ஓடினான்.

உணவகத்தில் நாற்காலி காலி இல்லை. சுவரோரம், கதவோரம், நடைபாதையில் எல்லாம் ஆட்கள். நாற்பது, ஐம்பது பேர் இருப்பார்கள். பந்தாட்டம் ஓடும் பெரிய டிவியில் பழனியப்பன் செம்பனையைக் கட்டிப்பிடித்துக்கொண்டிருந்தார். டிவிக்குக் கீழே அதே பழனியப்பன், காவலாளி உடுப்போடு, வேலையிலிருந்து நேராக வந்து, தேநீரோடு உட்கார்ந்திருந்தார். டின் பால் வந்த இடத்தில் கடையே வெடித்துச் சிரித்தது. நாசர் அண்ணன் கல்லாவை விட்டு வந்து நின்று பார்த்தார்.

“யாரு சேனல் நாசர் அண்ணே இது?” என்றார் ஒருவர்.

“என் கடை சேனல்லா. பேசாமப் பாரு.”

முன்வரிசையில் துளசி உட்கார்ந்திருந்தாள். யார் கூப்பிட்டார்களோ தெரியவில்லை. கையில் காய்கறிப் பை. திரும்பிப் பார்க்கவில்லை.

தர்மேந்திரனின் சட்டைப் பையில் கைப்பேசி அதிர்ந்தது. டத்தோ.

எடுக்காமல் இருக்கலாம். ஆனால் பதினேழு வருடமாக அந்தப் பெயர் ஒளிர்ந்தால் விரல் தானாக அழுத்திவிடும்.

“தர்மா!” டத்தோவின் குரலில் அவனைவிட அதிகப் பயம் இருந்தது. “யாரோ எனக்கு மெசேஜ் அனுப்புறான், டத்தோ டின்னு பாலு சூப்பர்னு! அது எங்கயோ ஓடுதாமே? எங்க ஓடுது? சொல்லுங்க, எங்க?”

டிவியில் ரோஜா இதழ்கள் கொட்ட ஆரம்பித்தன. கடை அடங்கியது. அந்த அமைதியில், தர்மேந்திரனின் வாய் தனக்குத் தெரிந்த ஒரே பதிலைத் தானாகச் சொன்னது.

“இங்க இல்ல டத்தோ. வெளிநாட்டுல ஓடுது.”

மறுமுனையில் நீண்ட மூச்சு. “அப்பாடா! வெளிநாட்டுலன்னா பரவால்ல. அங்க யாரு பார்க்கப் போறா.”

கைப்பேசியை இறக்கியபோது துளசி திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள். மற்றவர்கள் டிவியைப் பார்த்தார்கள். அவள் மட்டும் அவனைப் பார்த்தாள். அந்தக் குரல், அந்த வேகம், முதல் வார்த்தைக்கு முன்னால் வரும் அந்தச் சின்ன இருமல். பதினேழு வருடமாகப் பந்தியிலும் படுக்கையிலும் அவள் கேட்டது. அவள் முகத்தில் ஒவ்வொரு நாடாக வந்து, ஒவ்வொன்றாக அணைந்து போவதை அவன் பார்த்தான். பதினொன்றும் அணைந்தன. நாளிதழில் புகைப்படம் வந்திருந்தால்கூட அவனுக்கு இவ்வளவு பயம் வந்திருக்காது.

டிவியில் தங்க எழுத்து வந்தது. இரண்டு இதயங்கள் சுழன்றன. ‘மணமக்கள் வாழ்க.’ யாரோ விசில் அடித்தார்கள்.

துளசி காய்கறிப் பையை மேசை மேல் வைத்துவிட்டு அவனருகில் வந்தாள்.

“எல்லாமே இப்படித்தானா?” என்றாள், அவனுக்கு மட்டும் கேட்கும்படி.

தர்மேந்திரன் ஆமாம் என்று தலையை ஆட்டினான்.

அவள் முந்தானையை இழுத்துச் செருகினாள். பிறகு டிவி பக்கம் திரும்பினாள்.

“நாசர் அண்ணே, இன்னொரு தடவ போடுங்க,” என்றாள். “அந்தப் பேரு வர்ற எடத்துல நிறுத்துங்க. இவரோட மத்த கதைய நான் வீட்டுல போய்க் கேட்டுக்கறேன்.”